செய்த வேலைக்குச் சபை காசு தராவிட்டால்: மலையகக் கொந்தராத்துக்காரருக்கான நட்டஈட்டு வழிகாட்டி

பிரதேச சபையில் ஒக்டோபரில் வேலையைக் கையில் கொடுப்பார்கள், டிசம்பர் 31க்குள் முடித்து பில்லைப் போடு என்பார்கள், ஏனென்றால் அந்த ஆண்டுக்கு ஒதுக்கிய காசு ஆண்டோடு போய்விடும். எங்கள் பக்கம் ஒக்டோபரில் பின்னேரம் ஆனால் இடி மழை, கொங்கிரீட் போடக் காலை நேரம் மட்டும்தான் மிஞ்சும் என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். காலத்தைத் தீர்மானிக்கிற ஆளுக்கு மட்டும் தெரிவதில்லை. அப்புறம் வேலை பிந்தும், தாமதத்துக்குத் தண்டப்பணம் வெட்டுவார்கள், மிச்சக் காசு அடுத்த ஆண்டு என்பார்கள், அடுத்த ஆண்டு வந்தால் ஃபைல் எங்கே என்று தேடுவார்கள்.

எனக்கும் பட்ட அனுபவம் உண்டு, எந்த இடம் என்று சொல்ல மாட்டேன். ஒரு தோட்டத்து வீதி வேலையில், மேட்டுப் பக்கம் மண் இறங்கியதும் டீ.ஓ. (வேலையை மேற்பார்க்கிற தொழில்நுட்ப உத்தியோகத்தர்) போனில் சொன்னார், "கல்லால ஒரு சுவரைக் கட்டிடுங்க, வேரியேஷன் பிறகு போட்டுக்கலாம்" என்று. வேரியேஷன் என்றால் ஒப்பந்தத்தில் இல்லாத மேலதிக வேலைக்கான உத்தரவு. 11 மீற்றர் சுவர். கட்டினேன். இரண்டு மாதத்தில் அவர் இடமாற்றம் பெற்றுப் போனார். புதிதாக வந்தவர் அளவுப் பட்டியலில், அதாவது ஒப்பந்தத்தில் வேலையும் அளவும் எழுதிய தாளில், உள்ளதை மட்டும் அளந்தார். சுவர் இன்றும் அதே இடத்தில் நிற்கிறது, அதற்கு ஒரு சதம் கூட எனக்கு வரவில்லை. கீழே எழுதுவதில் பாதி அந்தச் சுவரிலிருந்து படித்தது, மீதி அதற்குப் பிறகு மற்ற கொந்தராத்துக்காரர்களின் ஃபைல்களைத் தூக்கிக்கொண்டு சட்டத்தரணி வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தபோது படித்தது.

முதல் படி: உங்களோடு ஒப்பந்தம் செய்தது யார்?

சிரிக்காதீர்கள், இதில்தான் வழக்குகள் தடுக்கி விழுகின்றன. "கவர்ன்மென்ட் வேலை" என்று ஒரே வாயில் சொல்லிவிடுகிறோம், ஆனால் சட்டத்துக்கு அது பல ஆட்கள். பிரதேச சபை தனக்கென்று சட்ட ஆளுமை உள்ள கூட்டுத்தாபனம், அதன் பெயரிலேயே வழக்கு வைக்கலாம். வீதி அபிவிருத்தி அதிகார சபை, நீர் வழங்கல் வடிகாலமைப்புச் சபை, 2018 ஆம் ஆண்டின் 32 ஆம் இலக்கச் சட்டத்தால் வந்த பெருந்தோட்டப் பிராந்தியத்துக்கான புதிய கிராமங்கள் அபிவிருத்தி அதிகார சபை போன்றவையும் அப்படித்தான். மத்திய அரசின் திணைக்களம், அமைச்சு என்றால் கதை வேறு: குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின்படி அரசுக்கு எதிரான வழக்கு சட்டமா அதிபர் பெயரில் வைக்கப்பட வேண்டும். பிரதேச செயலகம் ஊடாக வந்த வேலையும் பெரும்பாலும் இந்தப் பக்கம்தான் விழும். மாகாணத் திணைக்களம் என்றால் யாரைப் பிரதிவாதியாக்குவது என்பதே சட்டத்தரணிக்கு அரை நாள் வேலை, அதை அவரிடமே விட்டுவிடுங்கள்.

இன்னொன்று. பல தோட்டங்களில் வேலை கிராம அபிவிருத்திச் சங்கத்தின் பெயரில் வரும், உண்மையில் செய்வது நீங்கள். கையெழுத்து சங்கத் தலைவருடையது. அப்படியானால் சபையோடு உங்களுக்கு ஒப்பந்தமே இல்லை, உங்கள் ஒப்பந்தம் சங்கத்தோடு. பெரிய கம்பனிக்குக் கீழே உப கொந்தராத்து எடுத்தவர்களுக்கும் இதே நிலைதான். அவர்களுடைய கோரிக்கை குறிப்பிட்ட தொகைக்குக் குறைவாக இருந்தால் நீதிமன்றத்துக்கு முன் மத்தியஸ்த சபைக்குப் போய்ச் சான்றிதழ் எடுக்கவும் வேண்டிவரும்.

இரண்டாவது: காகிதங்களை ஒரு இடத்தில் சேருங்கள்

விலைமனு, அதை ஏற்ற கடிதம், ஒப்பந்தம், அதோடு வந்த நிபந்தனைகள், விலையிட்ட அளவுப் பட்டியல், வரைபடம், சைட் ஒப்படைத்த கடிதம். பெரும்பாலான அரச வேலைகளில் நிர்மாணத்துறை அபிவிருத்தி அதிகார சபையின் மாதிரி ஆவணம் இருக்கும். பழைய ஆட்கள் இன்னும் இக்டாட் என்றுதான் சொல்வார்கள், 2014 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்கச் சட்டத்தோடு பெயர் மாறியது. அந்த நிபந்தனைப் புத்தகம் உங்களுக்குத் தரப்படாமல், "இன்ன ஆவணத்தின்படி" என்று ஒரு வரி மட்டும் ஒப்பந்தத்தில் இருக்கலாம். அந்த ஒரு வரியே முழுப் புத்தகத்தையும் உங்கள் தலையில் கட்டிவிடும், எனவே அதை வாங்கி வாசியுங்கள். ஆங்கிலத்தில் இருந்தால் வாசிக்கத் தெரிந்த ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசியுங்கள்.

அதில் 4 இடங்களைப் பென்சிலால் கோடு போடுங்கள்: பணம் தர வேண்டிய நாள், மேலதிக வேலைக்கு யார் உத்தரவிடலாம், கோரிக்கை பற்றி எத்தனை நாளுக்குள் அறிவிக்க வேண்டும், பிணக்கு வந்தால் எங்கே போவது.

மூன்றாவது: அவர்கள் உடைத்தது எது?

"காசு தரவில்லை" என்பது ஒரு வகை மீறல்தான். அளந்து சான்றுப்படுத்திய பில்லைக் கொடுக்காதது ஒன்று. வேலையில் பிழை வந்தால் திருத்தவென்று பில்லில் பிடித்து வைத்த காசை (பிடிப்புக் காசு), அந்தக் குறைபாட்டுக் காலம் முடிந்தும் விடாதது இன்னொன்று. காரணமில்லாமல் ஒப்பந்தத்தை நிறுத்துவது, நீங்கள் கொடுத்த வங்கிப் பிணையை அவசரமாகக் காசாக்கிக்கொள்வது, சொன்ன மேலதிக வேலைக்கு விலை போடாதது, இவையெல்லாம் தனித்தனி. ஒவ்வொன்றுக்கும் தேதி வேறு, சான்று வேறு.

மலையகத்துக்கே உரிய ஒன்றைக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன், சைட்டை ஒழுங்காகக் கையில் தராதது. 2018 இல் பிரதேச சபைச் சட்டம் திருத்தப்பட்ட பிறகு தோட்டப் பகுதிகளுக்கும் சபையின் பணம் போக வழி வந்தது, நல்லதுதான். ஆனால் வீதி போகிற காணி தோட்ட நிர்வாகத்தின், அதாவது துரையின், கையில் இருக்கிறது. சபை வேலையைத் தருகிறது, நீங்கள் டிப்பரில் சல்லியை ஏற்றிக்கொண்டு போகிறீர்கள், கேட்டில் காவலாளி நிற்கிறார், "துரை கிட்ட கடிதம் இல்ல, இறக்க விட வேணாம்னு சொல்லியிருக்கு" என்கிறார். நீங்கள் சபைக்குப் போன் அடிக்கிறீர்கள், அங்கே தலைவர் கூட்டத்தில். 6 பேர் வீதியோரத்தில் பீடியும் வெற்றிலையுமாக உட்கார்ந்திருக்கிறார்கள், டிப்பர்காரன் மீற்றரைப் பார்க்கிறான். இது உங்கள் பிழையில்லை. வேலை செய்யத் தடையில்லாத இடத்தைத் தருவது வேலை கொடுத்தவரின் கடமை. ஆனால் அன்று பின்னேரமே அதை எழுதாவிட்டால், 3 மாதம் கழித்து "கொந்தராத்துக்காரர் வேலையை ஆரம்பிக்கத் தாமதித்தார்" என்றுதான் ஃபைலில் இருக்கும்.

ஒரு எச்சரிக்கையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். காசு தரவில்லை என்ற கோபத்தில் கொங்கிரீட் மிக்சரைத் தூக்கிக்கொண்டு சைட்டை விட்டுப் போய்விடாதீர்கள். ஒப்பந்தத்தில் அறிவித்தல் கொடுத்து வேலையை நிறுத்த இடமிருந்தால் அந்த வழியில் நிறுத்துங்கள். சும்மா போனால் ஒப்பந்தத்தை மீறியவர் நீங்கள் ஆகிவிடுவீர்கள், மிச்ச வேலையை வேறொருவரைக் கொண்டு செய்வித்த செலவையும் உங்கள் பிடிப்புக் காசில் கழிப்பார்கள்.

நான்காவது: அன்றைக்கே எழுதுங்கள்

இந்த வழிகாட்டியில் ஒன்றை மட்டும்தான் நினைவில் வைப்பேன் என்றால் இதை வையுங்கள். வழக்கில் தோற்பது நீதிமன்றத்தில் இல்லை, சைட்டில்.

சீ.ஆர். கொப்பி ஒன்று வாங்குங்கள். தினமும்: தேதி, மழை எத்தனை மணிக்குத் தொடங்கியது, எத்தனை பேர், என்ன இயந்திரம், என்ன வேலை, யார் வந்தார், என்ன சொன்னார். டீ.ஓ. வந்தால் அதில் கையெழுத்துக் கேளுங்கள், போட மறுத்தால் "வந்தார், கையெழுத்திட மறுத்தார்" என்று எழுதிப் பக்கத்தில் நின்ற மேசன் பாஸிடம் கையெழுத்து வாங்குங்கள். மண்சரிவு எச்சரிக்கை வந்து வேலை நின்றால், தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனம் அன்று வெளியிட்ட எச்சரிக்கையை அப்படியே அச்செடுத்து ஒட்டுங்கள். புதைந்து போகிற வேலை, அத்திவாரம், கானுக்கு அடியில் போட்ட கல், இவற்றை மூடுமுன் அளவுநாடாவைப் பிடித்துப் படம் எடுங்கள். நாடாவின் எண் தெரிய வேண்டும், பின்னால் அடையாளம் காணக்கூடிய ஏதாவது ஒன்று, மின்கம்பமோ கோயில் வளைவோ, தெரிய வேண்டும்.

வாய் உத்தரவுக்கு மருந்து ஒன்றுதான். டீ.ஓ. போனை வைத்த மறு நிமிடம் வட்ஸ்அப்பில், "ஐயா, இன்று காலை 9.40க்கு நீங்கள் சொன்னபடி இன்ன இடத்தில் 11 மீற்றர் கல் சுவர் கட்டத் தொடங்குகிறோம், விலை விகிதத்தை உறுதிப்படுத்துங்கள்" என்று அனுப்புங்கள். 2006 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்க இலத்திரனியல் கொடுக்கல் வாங்கல் சட்டம் மின்னணுச் செய்திகளுக்குச் சட்ட மதிப்புக் கொடுக்கிறது. ஆனால் அதோடு நின்றுவிடாமல் அதே விஷயத்தைக் கடிதமாகப் பதிவுத் தபாலில் பொறியியலாளருக்கும் சபைச் செயலாளருக்கும் போடுங்கள், ஏனென்றால் மேலதிக வேலைக்கு உத்தரவிடும் அதிகாரம் டீ.ஓ.வுக்கு இருக்காது, உங்கள் கடிதத்தைப் பார்த்தும் வாய்மூடியிருந்த மேலதிகாரிதான் பின்னால் உங்களுக்கு உதவுவார்.

அறிவித்தல் காலத்துக்கு வருவோம். ஃபிடிக் என்ற சர்வதேசப் பொறியியல் ஆலோசகர் சம்மேளனத்தின் மாதிரி நிபந்தனைகளின் 1999 பதிப்பில் 28 நாள், அதன் வழியில் வந்த ஆவணங்களிலும் பெரும்பாலும் அதே கணக்குத்தான், உங்கள் புத்தகத்தில் என்ன எண் என்று பாருங்கள். விஷயம் தெரிந்த நாளிலிருந்து எண்ண வேண்டும். முழுக் கணக்கும் அந்தக் கடிதத்தில் தேவையில்லை, "இன்ன காரணத்தால் மேலதிகக் காலமும் பணமும் கோருகிறோம், விபரம் பின்னர்" என்ற இரண்டு வரி போதும்.

கடிதம் எந்த மொழியில்? தமிழும் அரச மொழி, தமிழில் எழுத உங்களுக்கு உரிமை உண்டு. நான் தமிழில் எழுதி ஆங்கிலப் பிரதியும் இணைக்கிறேன், உரிமையை விட்டுக்கொடுத்து அல்ல, "விளங்கவில்லை" என்ற சாக்கை எடுத்துப் போட.

ஐந்தாவது: கணக்கு

இலங்கையில் ஒப்பந்தச் சட்டத்தின் அடி ரோமன் டச்சுச் சட்டம். ஒப்பந்தம் ஒழுங்காக நிறைவேறியிருந்தால் நீங்கள் எந்த நிலையில் இருந்திருப்பீர்களோ அந்த நிலைக்குக் காசால் கொண்டுவருவதுதான் நட்டஈடு. மீறலில் இருந்து இயல்பாக வரும் நட்டம் கிடைக்கும். உங்களுக்கு மட்டும் விசேடமாக வந்த நட்டம், ஒப்பந்தம் செய்தபோதே இரு தரப்பும் எதிர்பார்த்திருக்கக்கூடியதாக இருந்தால்தான். நகையை அடகு வைத்த வட்டி, மகளின் கல்யாணம் தள்ளிப்போனது, மனவேதனை, இவற்றை எழுதி ஃபைலைக் கனக்க வைக்காதீர்கள்.

அதோடு, நட்டத்தைக் குறைக்க நீங்களும் நியாயமான முயற்சி எடுத்திருக்க வேண்டும். ஒரு உதாரணக் கணக்கில் காட்டுகிறேன். ஒப்பந்தத் தொகை 48 இலட்சம். அளந்த வேலை 26 இலட்சத்து 50 ஆயிரம், வாங்கியது 15 இலட்சம். பிடிப்புக் காசோடு சேர்த்து நிலுவை 11 இலட்சத்து 50 ஆயிரம். சபை காரணமில்லாமல் ஒப்பந்தத்தை நிறுத்திவிட்டது, மிச்ச வேலை 21 இலட்சத்து 50 ஆயிரம், உங்கள் விலைப் பகுப்பாய்வில் இலாபம் 10 சதவீதம், ஆக இழந்த இலாபம் 2 இலட்சத்து 15 ஆயிரம். சைட் தராமல் சும்மா நின்ற நாள் 18. மிக்சர் வாடகை நாளுக்கு 4,500, 6 பேருக்கு ஆளுக்கு 3,000. எல்லோரும் இங்கே 18 நாளையும் பெருக்கிவிடுவார்கள். எதிர்த்தரப்புச் சட்டத்தரணி எழுந்து ஒரு கேள்விதான் கேட்பார்: ஒரு வாரம் பார்த்த பிறகு மிக்சரை ஏன் திருப்பிக் கொடுக்கவில்லை, ஆட்களை ஏன் வேறு சைட்டுக்கு அனுப்பவில்லை? அதனால் 7 நாள் போடுங்கள்: மிக்சர் 31,500, ஆட்கூலி 1 இலட்சத்து 26 ஆயிரம். மொத்தம் 15 இலட்சத்து 22 ஆயிரத்து 500. இதன் ஒவ்வொரு வரிக்கும் ஒரு பில், ஒரு சம்பளத் தாள், ஒரு அளவுப் பக்கம் இருக்க வேண்டும். சான்றில்லாத 40 இலட்சத்தை விடச் சான்றுள்ள 15 இலட்சம் வலுவானது, நீதிபதி மட்டுமல்ல, பேசித் தீர்க்க வருகிற அதிகாரியும் அதைத்தான் பார்ப்பார்.

விலையேற்றம் பற்றி இரண்டு வார்த்தை. 2021 இல் ஆயிரம் ரூபாய் சுற்றில் இருந்த சீமெந்து மூடை 2022 இல் மூவாயிரத்தைத் தொட்டது, பழைய விலையில் வேலை எடுத்திருந்தவர்கள் பலர் அதோடு தொழிலையே விட்டார்கள். விலை மாற்றத்துக்கு ஈடு கிடைப்பது ஒப்பந்தத்தில் அந்த வாசகம் இருந்தால்தான், குறுகிய கால வேலைகளில் பெரும்பாலும் அது இருக்காது. ஆனால் அவர்களுடைய மீறலால் வேலை விலை ஏறிய காலத்துக்குத் தள்ளப்பட்டிருந்தால், அந்த வித்தியாசத்தை நட்டஈடாகவே கேட்கலாம்.

ஆறாவது: அவர்கள் கையில் உள்ள காகிதத்தை எடுங்கள்

அளவுப் புத்தகம், பொறியியலாளரின் சிபாரிசு, சபைக் கூட்ட அறிக்கை, வவுச்சர் எங்கே நிற்கிறது என்ற குறிப்பு, எல்லாம் அலுவலகத்தில்தான் இருக்கிறது. 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இதற்காகவே வந்ததுபோல இருக்கும். தகவல் உத்தியோகத்தருக்கு எழுத்தில் கேளுங்கள், 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். மறுத்தால் குறித்தளிக்கப்பட்ட உத்தியோகத்தருக்கு மேன்முறையீடு, அதற்கும் மேல் ஆணைக்குழு. "என் ஃபைலில் உள்ள எல்லாம்" என்று கேட்காதீர்கள், "இன்ன வேலைக்கான அளவுப் புத்தகத்தின் இன்ன தேதி முதல் இன்ன தேதி வரையான பக்கங்கள்" என்று கேளுங்கள். சண்டை முற்றுவதற்கு முன் கேட்பது நல்லது.

இந்தக் கட்டத்தில் அலுவலகத்தில் கூப்பிட்டு, பாதிக் காசுக்கான காசோலையையும் "முழுத் தீர்வாகப் பெற்றுக்கொண்டேன்" என்ற தாளையும் நீட்டுவார்கள். வீட்டில் கஷ்டம் இருக்கும், எனக்குத் தெரியும். காசை வாங்குங்கள், ஆனால் "பகுதிக் கொடுப்பனவாக, மீதி உரிமைகளுக்குப் பாதகமின்றி" என்று எழுதிக் கையெழுத்திடுங்கள். அதற்குச் சம்மதிக்காவிட்டால் கையெழுத்திடாமல் தாளின் பிரதியை எடுத்துக்கொண்டு சட்டத்தரணியிடம் போங்கள்.

ஏழாவது: காலம்

1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்கக் காலவிதிப்புக் கட்டளைச் சட்டம் இன்னும் உயிரோடு இருக்கிறது, எத்தனை ஆண்டுக்குள் வழக்கு வைக்க வேண்டும் என்று சொல்வது அதுதான். எழுத்து ஒப்பந்தத்துக்கு 6 ஆண்டு, எழுதாத ஒப்பந்தத்துக்கு 3 ஆண்டு, செய்த வேலைக்கும் உழைப்புக்குமான கடன் என்று விழுந்தால் ஒரே ஒரு ஆண்டு. என் 11 மீற்றர் சுவர் எந்தப் பெட்டியில் விழும் என்று யோசித்துக்கொண்டிருந்ததிலேயே எனக்குக் காலம் ஓடிவிட்டது. அவர்கள் கடனை ஒப்புக்கொண்டு எழுதித் தந்த கடிதமோ, பகுதிக் கொடுப்பனவோ இருந்தால் காலத்தைப் புதிதாக எண்ண வழி பிறக்கலாம், அதனால் "நிதி வந்ததும் தரப்படும்" என்று வருகிற சலிப்பூட்டும் பதில் கடிதங்களைக் கிழித்துப் போடாதீர்கள்.

இதைவிட ஆபத்தானது உள்ளூராட்சிச் சட்டங்களில் உள்ள அறிவித்தல் பிரிவுகள். சபைக்கு எதிரான வழக்குக்கு முன்கூட்டிய அறிவித்தலும் மாதக் கணக்கில் குறுகிய காலமும் அவற்றில் வரும். உங்கள் ஒப்பந்தப் பிணக்குக்கு அது பொருந்துமா என்பது வாதத்துக்குரியது, அந்த வாதத்தை உங்கள் தலையில் சோதிக்க வேண்டாம். பணம் தர மறுத்த முதல் மாதத்திலேயே சட்டத்தரணியைப் பாருங்கள்.

எட்டாவது: கோரிக்கைக் கடிதமும் சட்ட அறிவித்தலும்

சட்டத்தரணி ஊடாகக் கோரிக்கைக் கடிதம்: ஒப்பந்தம், மீறல், தொகை, 14 நாள் போன்ற ஒரு கெடு. எதிர்த்தரப்பு சட்டமா அதிபரோ, பதவியின் பெயரால் செயற்பட்ட அரச உத்தியோகத்தரோ என்றால் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 461 ஆம் பிரிவின்படி எழுத்தில் அறிவித்தல் கொடுத்து ஒரு மாதம் கழிய வேண்டும். அதற்கு முன் வைத்த வழக்கு நிற்காது. வழக்கின் காரணம், வழக்காளியின் பெயர், முகவரி, கேட்கிற நிவாரணம் எல்லாம் அதில் இருக்க வேண்டும். காலவிதிப்பு முடிய 20 நாள் இருக்கும்போது சட்டத்தரணியிடம் ஓடினால் இந்த ஒரு மாதம் உங்களை முடித்துவிடும், கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

ஒன்பதாவது: எங்கே போவது?

ஒப்பந்தத்தில் நடுத்தீர்ப்பு வாசகம் (பிணக்கை நீதிமன்றத்துக்கு வெளியே நடுவர் தீர்ப்பது, ஆர்பிட்ரேஷன்) இருந்தால், 1995 ஆம் ஆண்டின் 11 ஆம் இலக்கச் சட்டப்படி, எதிர்த்தரப்பு ஆட்சேபித்தால் நீதிமன்றத்துக்கு உங்கள் வழக்கை விசாரிக்கும் நியாயாதிக்கம் இல்லை. நடுத்தீர்ப்பாளர் கட்டணத்தைப் பார்த்தால் சின்னக் கொந்தராத்துக்காரருக்குத் தலை சுற்றும். அதனால் முதலில் அவர்கள் ஆட்சேபிப்பார்களா என்று எழுத்தில் கேட்டுப் பாருங்கள், சில இடங்களில் அவர்களுக்கும் அந்தச் செலவு பிடிக்காது. அதற்கு முன்படியாக இணக்க முயற்சியோ இடைத்தீர்ப்போ (அஜுடிகேஷன், நடுத்தீர்ப்புக்கு முன் ஒருவர் தரும் முடிவு) சொல்லப்பட்டிருந்தால் அதைத் தாண்டிக் குதிக்காதீர்கள். நடுத்தீர்ப்பு வந்தால் அதை இரத்துச் செய்யக் கேட்பவருக்கு 60 நாள்தான்.

வாசகம் இல்லையென்றால் மாவட்ட நீதிமன்றம், நுவரெலியாவோ ஹட்டனோ பண்டாரவளையோ, பிரதிவாதி இருக்கும் இடம், ஒப்பந்தம் நடந்த இடம், மீறல் நடந்த இடம் பார்த்து. தொகை பெரிதானால் வணிக மேல் நீதிமன்றம். மத்திய, ஊவா மாகாணங்களில் நீதிமன்றம் நடப்பது சிங்களத்தில், ஆனால் அரசியலமைப்பின் 24 ஆவது உறுப்புரையின்படி வழக்குரைகளைத் தமிழில் தாக்கல் செய்யவும் மொழிபெயர்ப்புக் கேட்கவும் உரிமை உண்டு. நடைமுறையில் ஆவணங்களைச் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்துத் தயாராக வைத்திருப்பது தவணைகளை மிச்சம் பிடிக்கும்.

"எழுத்தாணை கேட்கலாமே, அடிப்படை உரிமை மனுப் போடலாமே" என்று கடையில் டீ குடிக்கிறவர்கள் சொல்வார்கள். வெறும் ஒப்பந்தப் பிணக்குக்கு எழுத்தாணை, அதாவது அதிகாரிக்கு நீதிமன்றம் போடும் ரிட் கட்டளை, சரியான கதவில்லை. அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதக் கெடு, அதுவும் காசு வசூலிக்கிற வழி அல்ல.

வழக்குரையில் வட்டியையும் மறக்காமல் கேளுங்கள், வழக்கு வைத்த நாளிலிருந்து தீர்ப்பு வரையும், அதன்பின் முழுத் தொகைக்கும். வழக்கு ஆண்டுக்கணக்கில் இழுபடும்போது இந்த ஒரு வரிதான் காசின் பெறுமதியைக் கொஞ்சமாவது காப்பாற்றும்.

கடைசிப் படி: தீர்ப்பைக் காசாக்குவது

அரசுக்கு எதிரான தீர்ப்பை வைத்துக்கொண்டு, சாதாரணக் கடன்காரன் வீட்டுச் சாமானைக் கைப்பற்றுவதுபோல திணைக்களத்து ஜீப்பைக் கைப்பற்ற முடியாது. காசு ஒதுக்கீட்டிலிருந்துதான் வர வேண்டும். எனவே தீர்ப்பின் சான்றுப்படுத்திய பிரதியைச் செயலாளருக்கும் கணக்காளருக்கும் பதிவுத் தபாலில் அனுப்பி, அடுத்த ஆண்டு வரவு செலவுத் திட்டத்தில் இந்தத் தொகையைச் சேர்க்கும்படி கேளுங்கள். சபைகளின் நிதியாண்டு ஜனவரி முதல் டிசம்பர் வரை, திட்டம் தயாராவது அதற்கு முந்தைய மாதங்களில். செப்டெம்பரில் அந்தக் கடிதம் மேசையில் இல்லாவிட்டால் இன்னொரு ஆண்டு காத்திருக்க வேண்டிவரும்.